ஒரு வோட்டும் ஐந்து ஆட்டமும்

வோட்டுப் போடுவதைப் போலச் சுகமான காரியம் உலகத்தில் வேறு இல்லை. கையிலிருந்து தம்பிடி செலவில்லை. ஆனால் ஒருவரைத் தூக்கி நிறுத்திவிட்டோம் என்ற பெருமிதம் மட்டும் நாள் முழுவதும் நெஞ்சில் தங்கியிருக்கிறது. நாம் போட்டவர் ஜெயித்தால், "நம் வோட்டினால்தான்!" என்று மார்தட்டலாம். தோற்றால், "ஜனங்களுக்கு ரசனை போதாது" என்று பெருமூச்சு விடலாம். இரண்டிலும் நமக்கு நஷ்டமில்லை.

இந்த விஷயத்தில் எங்கள் வாலாஜாபேட்டைக்காரர்களுக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு. 1866ஆம் வருஷத்திலேயே நகரசபை ஏற்பட்ட ஊர். அதற்கும் பத்து வருஷம் முன்னால், தென்னாட்டின் முதல் பயணிகள் ரயில் ராயபுரத்தில் புறப்பட்டு, இங்கே வாலாஜா ரோடில் வந்துதான் மூச்சு வாங்கியது. இந்த இரண்டு செய்திகளையும் ஊருக்குப் புதிதாக வருகிறவரிடம் சொல்லாமல் எங்களால் ஒரு டம்ளர் காபி வாங்கிக் கொடுக்க முடியாது. இப்போது உங்களிடமும் சொல்லியாகிவிட்டது. விஷயத்துக்கு வருகிறேன்.

நான் சொல்லவந்தது நகரசபை வோட்டு அல்ல. சட்டசபை வோட்டும் அல்ல. வீடியோ விளையாட்டுகளுக்குப் பரிசு கொடுப்பதற்காக நான் போட்ட வோட்டு. வாசகர் புருவத்தை உயர்த்துவது எனக்குத் தெரிகிறது. தலை நரைத்துக் கண்ணாடியும் போட்டுக்கொண்டு நாவல் எழுதுகிற ஆசாமிக்கு இதெல்லாம் எதற்கு என்று கேட்பீர்கள். என் தம்பியின் மகளைத் தெரிந்திருந்தால் கேட்க மாட்டீர்கள்.

அவள் ராணிப்பேட்டையில் ஒரு பாதரட்சைக் கம்பெனியில் வேலை பார்க்கிறாள். ஷூவின் மேல்பாகத்தைக் கம்ப்யூட்டரில் வரைந்து, தோலில் வெட்டுவதற்குத் துண்டு துண்டாகப் பிரித்துக் கொடுக்கிற உத்தியோகம். அந்த மேல்பாகத்துக்குத் தொழிலில் 'அப்பர்' என்று பெயர். திருநாவுக்கரசருக்கும் அதற்கும் யாதொரு சம்பந்தமுமில்லை. ஆனால் முதல் தடவை அவள், "இன்னிக்கு நாலு அப்பர் முடிச்சேன் பெரியப்பா" என்று சொன்னபோது நான் ஏதோ தேவாரப் பாராயணம் என்று நினைத்துச் சந்தோஷப்பட்டது உண்மை.

நல்ல சம்பளம். வீட்டுக்கு அருகில் வேலை. ஆனால் பெண்ணுக்கு மனசு அதில் இல்லை. வீடியோ விளையாட்டுகள் செய்கிறவளாக வேண்டும் என்பது அவளுடைய ஆசை. ஆடுகிறவளாக அல்ல, செய்கிறவளாக. என் தம்பி முப்பது வருஷமாகத் தோல் வியாபாரத்தில் இருப்பவன். தோலை விரலால் தடவிப் பார்த்தே மாட்டின் வயசு சொல்லுவான் என்று ஆம்பூர் வரைக்கும் பெயர். அவனிடம் இந்த ஆசையைச் சொன்னபோது அவன் கோபிக்கவில்லை; சிரித்தான். கோபித்திருந்தால்கூடத் தேவலை.

"விளையாடறவனுக்கே சோறு கிடையாது. விளையாட்டைப் பண்றவனுக்கா கிடைக்கும்?" என்றான்.

இந்த நிலைமையில்தான் 2023 நவம்பர் மாதம் வந்து சேர்ந்தது. அந்த வருஷம் ஜூலைக் கடைசியில் 'வெண்பா' என்று ஒரு விளையாட்டு வெளிவந்திருந்தது. கனடாவில் டொரான்டோ நகரத்தில் 'விசை கேம்ஸ்' என்ற சின்ன ஸ்தாபனம் செய்தது. அதன் மூலபுருஷர் அபி என்ற தமிழர். கதையும் தமிழ்க் கதைதான். 1988இல் தமிழ்நாட்டிலிருந்து கனடாவுக்குக் குடிபோன வெண்பா, அவள் கணவன் பாவலன், அங்கே பிறந்து வளரும் மகன் கவின், இந்த மூன்று பேர்தான் பாத்திரங்கள். வெண்பா கையில் அவள் தாயார் கொடுத்த சமையல் குறிப்பு நோட்டு ஒன்று இருக்கிறது. கிழிந்தும் மங்கியும் பாதி எழுத்துப் போய்விட்டது. போன எழுத்தை ஊகித்து, இட்லியும் புட்டும் பிரியாணியும் சரியாகச் செய்து முடிக்க வேண்டியது ஆடுகிறவர் பொறுப்பு. துப்பாக்கி இல்லை, வாள் இல்லை. இட்லித் தட்டுத்தான் ஆயுதம்.

அமெரிக்காவில் 'தி கேம் அவார்ட்ஸ்' என்று ஒரு பரிசளிப்பு விழா 2014 முதல் வருஷாவருஷம் நடக்கிறது. அதில் வெண்பாவின் பெயர் இரண்டு இடத்தில் வந்திருந்தது. முதல் முயற்சியிலேயே நன்றாகச் செய்த சிறு ஸ்தாபனத்துக்கான பரிசு ஒன்று. சமுதாயத்துக்குப் பயன்படும் விளையாட்டுக்கான பரிசு மற்றொன்று. நூற்றுக்கு மேற்பட்ட பத்திரிகை முதலிய ஸ்தாபனங்கள் நடுவர்களாக இருந்து போடும் வோட்டுக்குத் தொண்ணூறு பங்கு மதிப்பு. உலகத்திலுள்ள சாமானிய ஜனங்கள் அத்தனை பேரும் சேர்ந்து போடும் வோட்டுக்குப் பத்துப் பங்கு. ஜனநாயகத்தை இத்தனை துல்லியமாக எடை போட்டு, நூற்றுக்குப் பத்து என்று விலை கட்டிவிட்டார்களே என்று நான் ஆச்சரியப்பட்டேன்.

"பத்தோ பதினொண்ணோ பெரியப்பா, நீங்க ஒரு வோட்டுப் போடணும்" என்றாள் பெண். "நம்ம குடும்பத்திலே எல்லாரையும் போடச் சொல்லியிருக்கேன். வாட்ஸப்பிலே பார்க்கலையா?"

பார்த்தேன். குடும்பக் குழுவில் அவள் அனுப்பிய செய்தியை யாரோ ஒரு மாமா தம் கைச்சரக்கையும் சேர்த்துத் திரும்ப அனுப்பியிருந்தார். 'தமிழனாயிருந்தால் இதற்கு வோட்டுப் போடு' என்று ஆரம்பித்து, மூன்று ஆச்சரியக்குறியோடு முடிந்தது. ஆட்டத்தின் பெயரைக்கூட அவர் 'வெண்பாவை' என்று எழுதியிருந்தார்.

"ஆடிப் பார்க்காமல் எப்படியம்மா போடுகிறது?" என்றேன்.

"எல்லாரும் அப்படித்தான் போடறாங்க!"

எல்லாரும் அப்படித்தான் போடுகிறார்கள் என்பது எனக்குத் தெரியாத சங்கதியல்ல. நாற்பது வருஷத்துக்கு முன் ஒரு பத்திரிகை, அந்த வருஷத்தின் சிறந்த தொடர்கதை எது என்று வாசகர்களைக் கேட்டது. இதழின் கடைசிப் பக்கத்தில் ஒரு கூப்பன். அதைக் கத்தரித்து, கதையின் பெயரை எழுதி, தபாலில் சேர்க்க வேண்டும். என் கதையும் போட்டியில் இருந்தது. இன்னொரு நண்பருடைய கதையும் இருந்தது. நண்பரின் தாய்மாமனுக்கு ஜவுளிக் கடை உண்டு. அந்த வாரம் பஸ் ஸ்டாண்டுக் கடைகளிலே அந்தப் பத்திரிகை கட்டுக்கட்டாக விற்றுத் தீர்ந்தது. அடுத்த மாதமெல்லாம், கடைசிப் பக்கத்தில் சதுரமாக ஓட்டை விழுந்த பத்திரிகைத் தாளில்தான் அந்தக் கடையில் ரவிக்கைத் துண்டு மடித்துக் கொடுத்தார்கள். என் மனைவி ஒன்று வாங்கிக்கொண்டே வந்தாள். என் கதையின் பதினாறாம் அத்தியாயத்தில் சுற்றியிருந்தது.

பத்திரிகையின் பெயரும் நண்பரின் பெயரும் வேண்டாம். அவர் கதை மோசமான கதையும் அல்ல. ஆனால் அன்று முதல், படிக்காத புத்தகத்துக்கும் பார்க்காத நாடகத்துக்கும் நான் வோட்டுப் போடுவதில்லை என்று ஒரு விரதம் வைத்திருக்கிறேன்.

இந்தக் கூப்பன் வழக்கம் நம் ஊர்ச் சொத்து மட்டுமல்ல. வீடியோ விளையாட்டுப் பரிசுகளிலேயே மிகப் பழையவற்றில் ஒன்று 'கோல்டன் ஜாய்ஸ்டிக்'. 1983இல் இங்கிலாந்தில் ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டுப் பத்திரிகை அதை ஆரம்பித்தபோது வாசகர் வோட்டில்தான் ஆரம்பித்தது. முதல் வருஷம் சிறந்த விளையாட்டாக வந்தது 'ஜெட்பேக்' என்ற ஆட்டம். இன்றைக்கும் அந்தப் பரிசு பெரும்பாலும் ஜனங்கள் வோட்டில்தான் நடக்கிறது.

"சரி, ஆடிப் பார்த்தே போடுங்க" என்று பெண் இறங்கிவந்தாள். "வெண்பா ஒண்ணரை மணி நேரந்தான்."

"மற்ற நாலு?"

"மற்ற நாலு எதுக்கு?"

"ஐந்து பேர் நிற்கிறார்கள் என்றாயே. ஒருத்தரை மட்டும் பார்த்துவிட்டு, இவர்தான் ஐவரிலும் சிறந்தவர் என்று எப்படிச் சொல்வது?"

அவள் என்னைப் பார்த்த பார்வையில், பரிட்சைக்கு முதல் நாள் வீட்டுக்கு வந்த விருந்தாளியைப் பார்க்கிற பாவம் இருந்தது. இருந்தாலும் மூன்று ஞாயிற்றுக்கிழமைகள் தன் மடியில் வைக்கும் கம்ப்யூட்டரைத் தூக்கிக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தாள். அதற்கு நான் இன்றும் கடமைப்பட்டவன்.

முதலில் வெண்பா. நான் நாற்காலியில், பின்னால் பெண், அவளுக்கும் பின்னால், கையில் கரண்டியோடு என் மனைவி. ஆரம்பத்தில் வெண்பாவுக்கு உடம்பு சரியில்லை. கணவன் வேலைக்குப் போகத் தயங்குகிறான். அவள் எழுந்து அவனுக்கு இட்லி செய்கிறாள்.

"அவளுக்கு உடம்புக்கு ஒண்ணுமில்லை. மசக்கை" என்றாள் என் மனைவி.

"கதை இன்னும் அங்கே வரவில்லை" என்றேன்.

"வரும், பாருங்க."

வந்தது. ஐம்பது வருஷமாகக் கதை எழுதுகிறேன். என் கதைகளில் எத்தனை திருப்பங்களை இவள் இப்படி முதல் பக்கத்திலேயே கண்டுபிடித்துவிட்டு, என் மனம் புண்படக் கூடாதென்று வாயை மூடிக்கொண்டிருந்தாளோ!

இட்லி வார்ப்பது சுலபம் என்று எண்ணியிருந்தேன். தட்டுகளை ஒன்றன்மேல் ஒன்று அடுக்குகிற இடத்தில் நோட்டுக் கிழிந்திருந்தது. நான் குழிக்கு நேரே குழி வைத்து அடுக்கினேன். என் மனைவி கரண்டியால் திரையைத் தொட்டுக் காட்டினாள். "தட்டைத் திருப்புங்க. குழி மேலே குழி வந்தா ஆவி எப்படிப் போகும்?" ஆவி போகிற வழி வீடு கட்டுகிற கொத்தனாருக்குத் தெரிகிற மாதிரி அவளுக்குத் தெரிந்திருந்தது. எனக்கு மூன்று வேளையும் இட்லி தின்னத்தான் தெரியும். பிரியாணி வந்தபோது, அது சீரகச் சம்பாதானா என்று திரைக்கு அருகே குனிந்து பார்த்தாள். ஆம்பூரிலிருந்து ஐம்பது மைலுக்குள் குடியிருப்பவர்கள் இந்த விஷயத்தில் யாரையும் நம்ப மாட்டார்கள்.

ஆனால் என்னைப் பிடித்து உலுக்கியது சமையல் அல்ல. அம்மா தமிழில் பேசுகிறாள். பேச்சு எழுத்தாக வருகிறது. மகன் காதில் விழும்போது அந்த எழுத்துக்கள் நடுநடுவே மங்கிப் போகின்றன. அவனுக்குப் புரியாத வார்த்தை அவன் கண்ணுக்கும் தெரிவதில்லை. ஒரு தாய் சொல்வதில் பாதி, காற்றோடு போகிறது. இதை விவரிக்க எனக்கு ஓர் அத்தியாயம் வேண்டியிருக்கும். இவர்கள் நாலு எழுத்தை மங்கவைத்துக் காரியத்தை முடித்துவிட்டார்கள். எனக்குச் சட்டென்று கண் நிறைந்துவிட்டது. மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன். பெண் பார்த்துவிட்டாள்.

"பார்த்தீங்களா!" என்றாள், ஜெயித்துவிட்டவள் போல.

அடுத்த இரண்டு ஞாயிறுகளில் மற்ற நாலும். 'பீட்ஸா டவர்' என்பதில் பீட்ஸா சுடுகிற ஒரு மனிதன் காரணம் புரியாத பதற்றத்தில் ஓடிக்கொண்டே இருக்கிறான். பத்து நிமிஷத்தில் எனக்குத் தலை சுற்றிவிட்டது. ஆனால் அது அந்த ஆட்டத்தின் குற்றமல்ல. பெண் ஆடும்போது பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது. 'ட்ரெட்ஜ்' நியூஸிலாந்துக்காரர்கள் செய்தது. பகலில் படகில் போய் மீன் பிடித்து விற்கலாம். இருட்டினால் கடலில் என்னென்னவோ எழுந்துவரும். பேய்க்கதை எழுதுகிறவர்கள் ஒரு தரம் பார்க்க வேண்டும். 'வ்யூஃபைண்டர்' மாயாஜாலம். ஒரு போட்டோவை எதிரே தூக்கிப் பிடித்தால், அதிலிருக்கும் பாலமோ மாடிப்படியோ நிஜமாகவே அங்கே முளைத்துவிடுகிறது. அதன்மேல் ஏறி நடந்து போகலாம்.

கடைசியாகக் 'கொக்கூன்'. கூட்டுப்புழுவின் கூட்டுக்கு இங்கிலீஷில் அப்படிப் பெயர். டென்மார்க் தேசத்தில் கோபன்ஹேகன் நகரத்துக்காரர்கள் செய்தது. வண்டு மாதிரி ஒரு சின்ன ஜீவன். அது முதுகில் ஓர் உருண்டையைச் சுமந்துகொண்டு நடக்கிறது. அந்த உருண்டைக்குள்ளே ஓர் உலகம். வேண்டும்போது அதற்குள் குதிக்கலாம். வெளியே வந்து அதையே தூக்கிக்கொண்டு போகலாம். உலகத்துக்குள் உலகம், அதற்குள் இன்னொன்று. ஆட்டம் முழுவதிலும் ஒரு வார்த்தை கிடையாது. பேச்சில்லை, எழுத்தில்லை, இதைச் செய் அதைச் செய் என்று சொல்ல ஆளில்லை. ஆனாலும் அடுத்தபடி என்ன செய்வதென்று எனக்குத் தெரிந்துகொண்டே இருந்தது. வார்த்தையை நம்பியே வயிறு வளர்த்தவன் நான். ஒரு வார்த்தையும் இல்லாமல் இத்தனை தெளிவாகப் பேச முடியும் என்று அந்த வண்டு எனக்குக் காட்டியது. நாலு மணிக்கு உட்கார்ந்தவன், விளக்கேற்றுகிற நேரம் ஆனதை உணரவில்லை.

டிசம்பர் முதல் வாரத்தில் ஒரு நாள் சாயங்காலம் பெண் வந்தாள். திரையில் ஐந்து படங்கள். எதையாவது ஒன்றைத் தொட்டால் வோட்டு விழுந்துவிடும்.

"நீ கொஞ்சம் அந்தப் பக்கம் திரும்பிக்கொள்" என்றேன்.

"எதுக்கு?"

"ரகசிய வோட்டு."

அவள் திரும்பவில்லை. நின்ற இடத்திலேயே நின்றுகொண்டு, மெதுவாக, அவள் வழக்கமாகப் பேசுகிற வேகமே இல்லாமல் சொன்னாள்: "பெரியப்பா, உங்க ஒரு வோட்டிலே அது ஜெயிக்கப் போறதில்லேன்னு எனக்கும் தெரியும். ஆனா அது ஜெயிக்கணும். அப்பாகிட்டே காட்ட எனக்கு ஒரு கப்பு வேணும். நம்மளை மாதிரி ஒருத்தர், நம்ம வீட்டு இட்லியை வெச்சு ஒண்ணு பண்ணி, அதுக்கு உலகத்திலே பரிசு குடுத்தாங்கன்னு காட்டணும். நான் வாயாலே சொன்னா அவர் சிரிக்கிறார்."

இதுவரையில் இந்தக் கதையை வேடிக்கையாகச் சொல்லிக்கொண்டு வந்தேன். அந்த நிமிஷம் வேடிக்கையாக இல்லை. வெண்பாவைப் பார்த்து நான் அழுதேன். ஆனால் அந்தக் கண்ணீரில் ஆட்டத்தின் திறமைக்கு எவ்வளவு பங்கு, என் அம்மாவின் இட்லிப் பானைக்கு எவ்வளவு பங்கு? என் கண்ணீரே ஒரு கட்சியில் சேர்ந்து வோட்டுக் கேட்கிறபோது அதை எப்படிச் சாட்சியாக ஏற்பது? மறுபுறம், சொந்த வீட்டுச் சமாசாரத்தைச் சொல்லி உலகத்தை அழவைப்பதுதானே திறமை என்றும் கேட்கலாம். அதுவும் நியாயமே. இந்த இரண்டு நியாயத்துக்கும் நடுவே அவள் நின்றுகொண்டிருந்தாள்.

"திரும்பிக்கொள் அம்மா" என்றேன் மறுபடியும்.

திரும்பிக்கொண்டாள். நான் ஒரு படத்தைத் தொட்டேன். எதை என்று அவளிடம் சொல்லவில்லை. இந்தப் புத்தகம் அச்சாகி வரும்போது படித்துத் தெரிந்துகொள்வாள்: கொக்கூன்.

இரண்டாவது பரிசு ஒன்று இருந்ததே, சமுதாயத்துக்குப் பயன்படும் ஆட்டத்துக்கு; அதில் ஆறு பெயர்கள். நான் பார்த்திருந்தது வெண்பா ஒன்றைத்தான். மற்ற ஐந்தையும் பார்க்க நாளில்லை. அதில் நான் வோட்டே போடவில்லை. இதை அவளிடம் ஒளிக்காமல் சொன்னேன். இரண்டு வாரம் அவள் எங்கள் வீட்டுப் பக்கம் வரவில்லை. என் மனைவியும் என்னோடு அளவாகத்தான் பேசினாள். "உங்க கையிலே என்ன, ஹைகோர்ட் தீர்ப்பா இருந்தது?" என்று ஒரே ஒரு தடவை கேட்டாள்.

டிசம்பர் 8ஆம் தேதி, நம் ஊர்க் காலை நேரத்தில் விழா நடந்தது. முதல் முயற்சிப் பரிசு கொக்கூனுக்கு. சமுதாயப் பரிசு 'ட்சியா' என்ற ஆட்டத்துக்கு. வெண்பாவுக்கு இரண்டும் இல்லை. என் வோட்டு ஜெயித்த கட்சியில் இருந்தது. ஆனால் மார்தட்டத் தோன்றவில்லை. முதல் பத்தியில் எழுதிய வேதாந்தம் எனக்கே உதவவில்லை.

ஜனங்கள் வோட்டு மட்டும் என்று விட்டால் என்ன ஆகும் என்பதற்கு ஒரு வேடிக்கை நடந்தது. 'ஸ்டீம்' என்பது கம்ப்யூட்டர் விளையாட்டுகள் விற்கும் பெரிய கடை. அமெரிக்காவில் வால்வ் என்ற கம்பெனியின் சொத்து. 2016 முதல் அந்தக் கடைக்கு வருகிறவர்களே பெயர் சொல்லி, அவர்களே வோட்டுப் போட்டுப் பரிசு கொடுக்கிறார்கள். நடுவர் என்று ஒருத்தர் இல்லை. பரிசுகளின் பெயரே தமாஷாக இருக்கும். முதல் வருஷம், 'நான் அழவில்லை, கண்ணில் ஏதோ விழுந்துவிட்டது' என்று ஒரு பரிசு. வெண்பா அப்போது வந்திருந்தால் என் வோட்டு அதற்குத்தான். இன்னொன்று, 'எனக்கு வரவே வராத சிறந்த ஆட்டம்'. அந்தப் பரிசுக்கு நான் எதற்கு வேண்டுமானாலும் மனச்சாட்சியோடு வோட்டுப் போடலாம்.

2023ஆம் வருஷப் பரிசுகளில் அங்கே நடந்தது இதுதான். பழைய ஆட்டமானாலும் செய்தவர்கள் கைவிடாமல், வருஷக்கணக்காகச் சீர்செய்து வளர்த்துவரும் அன்புக்கு ஒரு பரிசு உண்டு. அதை 'ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2' என்ற ஆட்டத்துக்குக் கொடுத்தார்கள். அருமையான ஆட்டந்தான். ஆனால் அதைச் செய்தவர்கள், அதன் பலர் சேர்ந்து ஆடும் பகுதிக்கு இனிப் பெரிய புதுச் சேர்க்கை எதுவும் இல்லை என்று 2022லேயே அறிவித்துக் கையைக் கழுவியிருந்தார்கள். மிகப் புதுமையான ஆட்டம் என்ற பரிசு 'ஸ்டார்ஃபீல்டு' என்பதற்குப் போனது. அதைக் குறைசொன்னவர்கள் பெரும்பாலும் சொன்ன குறையே புதுமை போதாது என்பதுதான். வேண்டுமென்றே கேலிக்குப் போட்ட வோட்டு என்று பலர் சொன்னார்கள். பெயர் தெரிந்த ஆட்டத்துக்கே கை போயிற்று என்று வேறு சிலர் சொன்னார்கள். இரண்டும் நம் ஊர்த் தேர்தல்களில் நாம் பார்த்திராத விஷயங்களா?

வோட்டுக்கு அன்பளிப்பும் அங்கே உண்டு. 'கென்ஷின் இம்பாக்ட்' என்ற ஆட்டம் 2021இல் ஒரு பரிசு வாங்கியபோது, ஆடுகிறவர்களுக்கெல்லாம் ஆட்டத்துக்குள் செல்லுபடியாகும் கற்களை வாரி வழங்கியது. அடுத்த வருஷம், முழுக்க ஜனங்கள் வோட்டாலேயே கொடுக்கும் பரிசுக்கு அது நின்றபோது, மறுபடியும் கற்கள் கிடைக்கும் என்று அதன் பக்தர்கள் திரண்டு வந்துவிட்டார்கள். எதிர்த்து நின்ற 'ஸோனிக்' கட்சிக்காரர்கள், கள்ள வோட்டு என்று கூச்சல் போட்டார்கள். கென்ஷின்தான் ஜெயித்தது. மூக்குத்தியும் குடமும் பார்த்த வட ஆர்க்காட்டு வாக்காளனுக்கு இதில் அதிசயம் ஒன்றுமில்லை. கல் மட்டும் நிஜக் கல்லாக இருந்திருக்கலாம்.

அதற்காக நடுவர்கள் சொல்வதே வேதம் என்பவன் அல்ல நான். 2024இல் ஜனங்கள் வோட்டெல்லாம் 'பிளாக் மித்: வூகாங்' என்ற சீனத்து அனுமார் கதைக்குப் போனது; கேம் அவார்ட்ஸ் நடுவர்கள் தங்கள் பெரிய பரிசை 'ஆஸ்ட்ரோ பாட்' என்ற குட்டி யந்திர மனிதனுக்குக் கொடுத்தார்கள். யார் சொன்னது சரி என்று கேட்டால், நான் இரண்டையும் ஆடவில்லை. ஆகவே அபிப்பிராயம் இல்லை.

இந்தத் தொல்லை ஒன்றும் வேண்டாம் என்றுதான் நம் முன்னோர் உத்தரமேரூரில் வேறு வழி கண்டார்கள் போலிருக்கிறது. இங்கிருந்து காஞ்சிபுரம் போய் பஸ் மாறினால் அந்த ஊர். முதற் பராந்தகன் காலத்தில், 919இலும் 921இலும் வெட்டிய கல்வெட்டு அங்கே கோயில் சுவரில் இருக்கிறது. மேடைதோறும் அதைத் தேர்தல் என்றே சொல்கிறார்கள். உண்மையில் அது சீட்டெடுப்பு. முப்பது குடும்புகளிலும் தகுதியுள்ளவர்கள் பெயரை ஓலையில் எழுதிக் குடத்தில் போட்டு, ஒன்றும் அறியாத ஒரு பாலகனை விட்டு எடுக்கச் சொன்னார்கள். ஆனால் பெயர் குடத்துக்குள் போவதற்கு முன்னால்தான் கெடுபிடியெல்லாம். முப்பத்தைந்துக்கு மேல் எழுபதுக்குள் வயசு, சொந்த மனையில் வீடு, நிலம், படிப்பு. முன்பு பொறுப்பிலிருந்து கணக்குக் காட்டாதவன் பெயர் மட்டுமல்ல, அவனுடைய உறவினர் பெயர்கூட உள்ளே போகக் கூடாது. தகுதியைக் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தார்கள். தகுதியுள்ளவர்களில் யார் என்பதைக் குழந்தையிடம் விட்டுவிட்டார்கள். ஐந்து ஆட்டத்தையும் பார்த்துவிட்டு அன்று நான் திண்டாடியபோது, பக்கத்து வீட்டுப் பையனைக் கூப்பிட்டு ஒரு படத்தைத் தொடச் சொல்லியிருந்தால் என் வீட்டில் சமாதானம் நிலவியிருக்கும்.

சமாதானம் மார்ச் மாதத்தில் வந்தது. ஸான்பிரான்ஸிஸ்கோவில் சுதந்தர விளையாட்டுகளுக்கான விழாவில் வெண்பாவுக்குத் தலையாய பரிசு கிடைத்தது. ஏப்ரலில் லண்டனில் 'பாஃப்டா' என்கிற பிரிட்டிஷ் அகாடமி, முதல் முயற்சிக்கான பரிசை அதற்கே கொடுத்தது. இரண்டும் நடுவர்கள் கொடுத்த பரிசுகள். பெண் அந்தச் செய்தியை எனக்கு அனுப்பினாள். கீழே, "பெரியப்பாவின் மேலான பார்வைக்கு" என்று ஒரு வரி. அந்த 'மேலான'வில் இருந்த ஊசியை நான் கவனிக்காமலில்லை.

தம்பியிடமும் காட்டினாள். நானும் அப்போது அங்கே இருந்தேன். ஸான்பிரான்ஸிஸ்கோவை அவன் பொருட்படுத்தவில்லை. லண்டன் என்றதும் மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டான். அவன் தோல் கொடுக்கும் ஏற்றுமதிக்காரர்களின் சரக்கெல்லாம் போய்ச் சேருவது ஐரோப்பாவில். அங்கே ஒருத்தன் ஒரு ஜோடி ஷூவைத் திருப்பி அனுப்பினால் இங்கே பத்துப் பேருக்குத் தூக்கம் போகும்.

"லண்டன்லேயே குடுத்தாங்களா?"

"ஆமாம்ப்பா."

"இட்லிக்கா?"

"இட்லி பண்ற ஆட்டத்துக்கு."

அவன் கொஞ்ச நேரம் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். "அவங்க சரக்கைத் தட்டித் தட்டிப் பார்த்துத்தான் எடுப்பாங்க" என்று சொல்லிவிட்டு எழுந்து போனான். சிரிக்கவில்லை.

பெண் வேலையை விட்டுவிடவில்லை. ராத்திரிகளிலும் ஞாயிறுகளிலும் உட்கார்ந்து தானாகவே ஓர் ஆட்டம் செய்துகொண்டிருக்கிறாள். போன மாதம் அதைக் கொண்டுவந்து, "முதல்லே நீங்க ஆடணும். நல்லா இல்லேன்னா இல்லேன்னு சொல்லிடுங்க. உங்களுக்கு அது கஷ்டமில்லையே" என்றாள்.

ஆட்டம் இதுதான். திரையில் ஒரு முழுத் தோல் விரிந்து கிடக்கிறது. அங்கங்கே முள் கிழித்த வடு, உண்ணி கடித்த புள்ளி, சூட்டுத் தழும்பு. ஷூவுக்கு வேண்டிய துண்டுகளைத் தழும்பில் படாமல், தோல் வீணாகாமல், திருப்பித் திருப்பி வைத்துப் பொருத்த வேண்டும். தழும்பு ஒவ்வொன்றையும் தொட்டால் அந்த மாடு இருந்த ஊரும் அது பட்ட பாடும் இரண்டு வரியில் வருகிறது. முதல் தோலையும் இரண்டாவது தோலையும் எப்படியோ சமாளித்தேன். மூன்றாவதில் அகப்பட்டுக்கொண்டேன். முன்பக்கத் துண்டு ஒன்று எங்கே வைத்தாலும் உட்காரவில்லை. கடைசியில் ஓரமாக, நல்ல சுத்தமான இடம் ஒன்று கண்டுபிடித்து அங்கே கொண்டுபோனேன்.

"அங்கே வேணாம் அண்ணா!"

தம்பி எப்போது வந்து பின்னால் நின்றான் என்று தெரியவில்லை.

"அது வயித்துப் பக்கம். பார்க்கத்தான் சுத்தமா இருக்கும், இழுத்தா நீளும். முன்பக்கத்துக்கு முதுகுத் தோல்தான் எடுக்கணும்" என்றான். பெண்ணைப் பார்த்து, "இது வயித்துத் தோல்னு இதுக்குத் தெரியுமா? வெச்சா நீளுமா?" என்று கேட்டான்.

"இன்னும் அதைப் பண்ணலைப்பா."

"பண்ணாம எப்படி?" என்று நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு என் பக்கத்தில் உட்கார்ந்தான். "தள்ளிக்குங்க அண்ணா, கொஞ்சம்."